ஐம்பது காசுக்குத் தலைக்குளியல்

எந்தச் சாமானையும் மொத்தமாக வாங்கினால்தான் லாபம் என்பது மளிகைக் கடைக் கணக்கு. ஷாம்புவில் மட்டும் இது தலைகீழ். பாட்டில் விலையை மில்லிக்கு இவ்வளவு என்று வகுத்து, அதே ஷாம்புவின் பாக்கெட்டோடு ஒப்பிட்டுப் பாருங்கள். பல நேரம் பாக்கெட்தான் மலிவாக இருக்கும். கார் வைத்திருக்கிற வீட்டுக் குளியலறையிலும் ஷாம்பு சரம் தொங்குவதற்குக் காரணம் இதுதான். இந்த விநோதத்தின் வேரைத் தேடிப் போனால் கடலூரில் போய் நிற்கும்.

கடலூர் சின்னி கிருஷ்ணன் கணக்கு வாத்தியாராக இருந்தவர். பிறகு விவசாயம், அதற்கும் பிறகு மருந்துப் பொருள் வியாபாரம் என்று போனார். டப்பாவில் மட்டுமே விற்றுக்கொண்டிருந்த டால்கம் பவுடரைச் சின்னப் பொட்டலங்களாக்கி விற்றவர் அவர். வசதியுள்ளவர்கள் வாங்குவதைக் கூலிக்காரரும் ரிக்‌ஷாக்காரரும் வாங்கும்படி செய்ய வேண்டும் என்பது அவருடைய ஆசை. பவுடருக்குச் செய்ததைத் திரவத்துக்கும் செய்யலாம் என்ற யோசனை அப்படித்தான் பிறந்தது. அது பெரிதாகக் காய்த்ததைப் பார்க்க அவருக்குக் கொடுத்துவைக்கவில்லை. பிள்ளைகள் பாக்கெட்டில் கொண்டுவந்த வெல்வெட் ஷாம்பு தமிழ்நாட்டுப் பெட்டிக்கடைகளில் தொங்க ஆரம்பித்தது.

அந்தப் பிள்ளைகளில் ஒருவர் சி.கே. ரங்கநாதன். அண்ணன்மாரோடு ஒத்துப்போகாமல் 1982-ல் குடும்பத் தொழிலை விட்டு வெளியேறினார். கையில் இருந்தது 15,000 ரூபாய். அண்ணன்மாருக்குப் போட்டியாக ஷாம்பு செய்வதில்லை என்றுதான் முதலில் நினைத்தாராம். ஆனால் தெரிந்த தொழில் அது ஒன்றுதான். மாத வாடகை 250 ரூபாய்க்கு வீடும் அலுவலகமுமாக ஓர் இடம், 300 ரூபாய்க்குத் தொழிற்சாலை என்று இன்னோர் இடம், 3,000 ரூபாய்க்குப் பாக்கெட் போடும் இயந்திரம். 1983-ல் ‘சிக்’ ஷாம்பு கடைக்கு வந்தது. சண்டை போட்டுக்கொண்டு கிளம்பியவர் வைத்த பெயர் என்னவோ அப்பாவுடையதுதான்: சின்னியின் ‘சி’, கிருஷ்ணனின் ‘க்’. (பின்னாளில் அவருடைய கம்பெனி ஊறுகாய் விற்றபோது ‘சின்னிஸ்’ என்று அப்பாவை முழுசாகவே லேபிளில் ஏற்றியது.)

அடமானம் வைக்க எதுவும் இல்லாததால் வங்கிக் கடன் எளிதில் கிடைக்கவில்லை. கடைசியில் ஒரு வங்கி அதிகாரி, இவ்வளவு சின்னக் கம்பெனி ஒழுங்காக வருமான வரி கட்டுகிறதே என்று பார்த்து 25,000 ரூபாய்க்குச் சிபாரிசு செய்தார் என்று ரங்கநாதன் பேட்டிகளில் சொல்லியிருக்கிறார்.

போட்டியோ வலுவானது. அப்போது அண்ணன்மாரின் வெல்வெட்டை ஊரெங்கும் விற்றுக்கொண்டிருந்தது கோத்ரெஜ். சிக் ஒரு வேலை செய்தது. எந்தக் கம்பெனி ஷாம்புவாக இருந்தாலும் சரி, காலி பாக்கெட்டுகளைச் சேர்த்துக் கொண்டுவந்தால் ஒரு சிக் பாக்கெட் இலவசம். வெல்வெட் வாங்கியவர்கள் சிக்கைக் காசில்லாமல் போட்டுப் பார்த்தார்கள். கை பழகிய பிறகு, இனிமேல் சிக் காலி பாக்கெட்டுக்கு மட்டும்தான் இலவசம் என்று திட்டத்தை மாற்றினார்கள். எதிராளியின் குப்பையை வாங்கி அவருடைய வாடிக்கையாளரையே இழுத்துக்கொண்ட தந்திரம் இது. மாதம் 35,000 ரூபாயாக இருந்த விற்பனை 12 லட்சத்தைத் தொட்டது. அப்புறம் மல்லிகை, ரோஜா வாசனைகள் வந்தன. நடிகை அமலா விளம்பரத்தில் வந்தார். விற்பனை மாதம் ஒரு கோடி ரூபாயானது.

ஆனால் அமலாவைவிடக் கிராமத்தில் செய்த வேலைக்குத்தான் நான் மதிப்பெண் போடுவேன். தலைக்குச் சோப்புப் போட்டுக் குளிக்கிற ஊர்களில், உப்புத் தண்ணீரில் சோப்பு நுரைக்காது, முடி பிசுபிசுவென்று ஒட்டும். ஷாம்பு அதே தண்ணீரிலும் நுரைக்கும், அலசினால் போய்விடும். சீயக்காயை அரைத்துத் தேய்த்து அலச, வேலைக்குப் போகிற பெண்ணுக்கு நேரமும் இல்லை. இதையெல்லாம் வாயால் சொன்னால் எடுபடுமா? ஊருக்குள் போய், ஒரு பையனைக் கூட்டத்துக்கு நடுவே உட்காரவைத்துத் தலைக்கு ஊற்றினார்கள். முடியைத் தொட்டுப் பாருங்கள், மோந்து பாருங்கள் என்றார்கள். ரஜினி படம் திரையிட்டு, இடையிடையே விளம்பரம் காட்டி, முடிந்ததும் ஆளுக்கொரு பாக்கெட் கொடுத்தார்கள். இப்படிப் படம் போட்டுவிட்டு வந்த ஊரில் விற்பனை மூன்று நான்கு மடங்கு ஏறியது என்பது ரங்கநாதன் சொன்ன கணக்கு.

1999-ல் சிக் பாக்கெட்டின் விலை ஐம்பது காசு. அன்றாடக் கூலி வாங்குகிறவருக்கு அன்றைய சம்பளத்தில்தான் அன்றைய செலவு. மாதத்துக்கான பாட்டிலை ஒரே நாளில் வாங்க அவரிடம் பணம் நிற்காது. சில்லறையாகக் கிடக்கிற காசுக்கு ஒரு குளியல் என்றால் யோசிக்க மாட்டார். பெரிய கம்பெனிகளும் இந்த விலைப் போட்டியில் இறங்க வேண்டியதாயிற்று. அதற்கு முந்தைய ஆண்டே ரங்கநாதன் நிறுவனத்தின் பெயர் கெவின்கேர் என்று மாறியிருந்தது.

கோயம்புத்தூரில் பிறந்த மேலாண்மைப் பேராசிரியர் சி.கே. பிரகலாத் 2004-ல் எழுதிய நூலில், ஏழைகளும் பெரிய சந்தைதான் என்பதற்கு இந்த ஒற்றைப் பாக்கெட்டுகளை எடுத்துக்காட்டினார். அவர் பணியாற்றிய அதே மிச்சிகன் பல்கலைக்கழகத்தின் அனீல் கர்னானி இதை ஒப்புக்கொள்ளவில்லை. பாக்கெட்டைச் சின்னதாக்குவது வசதிதானே தவிர மலிவு ஆகாது, மில்லிக்கு விலை குறைந்தால்தான் மலிவு என்றார். கர்னானி சொன்னது நியாயமே. ஆனால் இங்கே மில்லிக்கும் விலை குறைந்தது.

இதற்கு வேறொரு விலையும் உண்டு. அதை நாம் தெருவில் கொடுக்கிறோம். பாக்கெட் பல அடுக்குப் பிளாஸ்டிக்கால் ஆனது. அடுக்கைப் பிரித்து மறுசுழற்சி செய்வது கட்டுப்படியாகாது. நூறு பாக்கெட் பொறுக்கினாலும் எடை தேறாததால் குப்பை பொறுக்குகிறவர்களும் சீண்டுவதில்லை. வாய்க்கால், குளத்தங்கரை, படித்துறை எல்லாவற்றிலும் கிடக்கிறது. 2022 ஜூலை முதல் தேதியிலிருந்து மத்திய அரசு தடை செய்த பிளாஸ்டிக் பொருள்களின் பட்டியலில் உறிஞ்சுகுழல் இருக்கிறது, காது குடையும் குச்சி இருக்கிறது; ஷாம்பு பாக்கெட் இல்லை.

பாக்கெட்டை ஒழித்துவிடுங்கள் என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை. அது கூலிக்காரர் வீட்டுக் குளியலில் கை வைப்பதாகும். ஆனால் காலி பாக்கெட்டுக்கு ஏதாவது கிடைக்கும் என்றால் ஜனங்கள் அதைத் தூக்கி எறியாமல் சேர்த்துக் கொண்டுவருவார்கள் என்று கண்டுபிடித்ததும் இதே கம்பெனிதான், அதுவும் கையில் காசில்லாத காலத்தில். இன்று ஷாம்பு விற்கிற எல்லாக் கம்பெனிகளும் சேர்ந்து அந்தத் திட்டத்தை மறுபடி பெட்டிக்கடைக்குக் கொண்டுவரட்டும். இந்தத் தடவை யாருடைய பாக்கெட்டாக இருந்தாலும் வாங்கிக்கொள்ளட்டும்.