கொடுமுடி சுந்தராம்பாள்

திருவிழாக் காலங்களில் எம்மூராகிய பூரணாங்குப்பத்திலே, பொழுது புலருமுன் ஒலிபெருக்கியில் மூதாட்டி ஒருவரின் குரல் எழும். அஃது ஒளவைப் பிராட்டியாரின் குரலே என்று சிறுபருவத்தில் யாம் நம்பியிருந்தோம். பாடியவர் கே. பி. சுந்தராம்பாள் என்பதைப் பின்னரே அறிந்தோம். அவ்வம்மையாரின் வரலாற்றை ஈண்டுச் சுருங்க உரைப்போம்.

காவிரிக் கரையிலுள்ள கொடுமுடியில் 1908-ஆம் ஆண்டில் வறிய குடியொன்றிற் பிறந்தார். அவர் பெயரின் முன்னெழுத்துக்கள் ஊரையும் அன்னை பாலாம்பாளையும் குறிப்பன. இளமையிலேயே வேலு நாயர் நாடகக் குழுவிற் சேர்ந்தார். ஒலிபெருக்கி வழங்காத அந்நாளில், கொட்டகையின் கோடியில் தரையில் அமர்ந்திருப்பவன் செவிக்கும் சொற் சிதையாமல் எட்டுமாறு பாடுதல் நடிகர் கடன். அம்மையாரின் குரல் வன்மை அம்மேடையிற் பயின்று முதிர்ந்ததேயாம்.

இலங்கையில் செங்கோட்டை கிட்டப்பாவுடன் இணைந்து நடித்தார். 1927-இல் அவரை மணந்தார். பின்னர் மனவேற்றுமையும் பிரிவும் நேர்ந்தன. 1933 டிசம்பரில் கிட்டப்பா மறைந்தபோது அம்மையாருக்கு வயது 25. அன்று முதல் வெள்ளாடை உடுத்தார், அணிகலன் துறந்தார், எந்த ஆடவருக்கும் இணையாக நடிப்பதில்லை என உறுதி பூண்டார்.

நடிப்பையே தொழிலாகக் கொண்ட பெண்ணுக்கு இவ்வுறுதி வாழ்வின் வாயிலையே அடைப்பதன்றோ? ஆயினும் வேறொரு வாயில் திறந்தது. 1935-இல் வெளிவந்த 'பக்த நந்தனார்' படத்தில் ஆண் வேடம் பூண்டு நந்தனாராகவே நடித்தார். அதற்கு அவர் பெற்ற ஊதியம் ஒரு லட்சம் ரூபாய் என்பர். வேதியராக நடித்தவர் இசைவாணர் மகாராஜபுரம் விசுவநாதையர். பின்னணிப் பாடல் முறை தமிழ்ப் படங்களில் பரவாத காலமாதலின், நடிப்பவரே பாடவும் வேண்டும். அங்கு நாடக மேடைப் பயிற்சி பெரிதும் துணை நின்றது.

பின்னர் 1940-இல் மணிமேகலையாகவும், 1953-இல் ஜெமினி நிறுவனத்தின் படத்தில் ஒளவையாராகவும், 1964-இல் 'பூம்புகார்' படத்தில் கவுந்தியடிகளாகவும் தோன்றினார். 1965-இல் 'திருவிளையாடல்' படத்தில் மீண்டும் ஒளவையானார். இவர்கள் யாவரும் அடியாரும் துறவியரும் மூதறிவினருமே என்பதைத் தமிழ் பயில்வோர் எளிதில் உணர்வர். ஆதலின் அம்மையாரின் உறுதி அவர் கலையைக் குறுக்கிற்றில்லை. அதற்கு ஓர் உருவம் தந்தது என்றே யாம் கருதுகின்றோம்.

நாடகப் பெண்டிரை உலகம் இழிவாகப் பேசிய காலம் அது. அத்தகைய மேடையினின்று வந்தவர் காங்கிரஸ் கூட்டங்களில் நாட்டு விடுதலைக்காகப் பாடினார். 1951-இல் சென்னைச் சட்ட மேலவையில் உறுப்பினராக அமர்ந்தார். 'துணைவன்' படப் பாடலுக்காக 1969-ஆம் ஆண்டுக்குரிய தேசிய விருதும், 1970-இல் பத்மஸ்ரீ விருதும் அவரை அடைந்தன. 1980-இல் மறைந்தார்.

துயரம் வாயை அடைக்கும் என்பது உலகியல். துயரையும் விரதத்தையும் குரலாக்கியவர் இவ்வம்மையார். கடைசி வரிசையில் இருப்பவனை நோக்கிப் பாடிய அக்குரல், இன்றும் வைகறையில் எம்மூரின் கடைசித் தெரு வரை வந்து எட்டுகின்றது.