விழத் தெரிந்த பெண்!

மகளைப் பரதநாட்டியத்துக்கு அனுப்பினால் யாரும் எதுவும் கேட்க மாட்டார்கள். ஜூடோவுக்கு அனுப்பிப் பாருங்கள்... ‘கை, கால் உடைஞ்சா நாளைக்கு எவன் கட்டிப்பான்?’ என்று பக்கத்து வீட்டு மாமியிலிருந்து ஊரிலிருக்கும் பெரியப்பா வரை கேட்டுவிடுவார்கள்! தாம்பரம், குரோம்பேட்டை பக்கமெல்லாம் பெண் பிள்ளைகள் கராத்தே கற்பது சகஜமாகிவிட்டது. கட்டிப் பிடித்துத் தூக்கிப் போடும் ஜூடோ என்றால்தான் தயக்கம். தயங்குகிறவர்கள் மணிப்பூர் சுஷிலா தேவியைப் பற்றித் தெரிந்துகொள்ள வேண்டும்.

1995-ல் பிறந்தவர் லிக்மாபம் சுஷிலா தேவி. அண்ணனும் ஜூடோ வீரர். 2002-ல், ஏழு வயதில், ஜூடோ ஆடிய உறவினர் ஒருவர் இவரை இம்பாலின் குமன் லம்பாக் மைதானத்துக்கு அழைத்துப் போனார். பிறகு பாட்டியாலாவில் பயிற்சி. 2014-ல் கிளாஸ்கோ காமன்வெல்த் விளையாட்டில், 48 கிலோ பிரிவில் வெள்ளி! அப்போது வயது 19.

அதன் பிறகுதான் சோதனை. 2018-ல் தொடையின் பின்பக்கத் தசையில் காயம். ஆசிய விளையாட்டு கைநழுவியது. ஒலிம்பிக் போக வேண்டுமென்றால் ஊர் ஊராக, நாடு நாடாகப் போய்ப் புள்ளிகள் சேர்க்க வேண்டும். டிக்கெட்டுக்கும் தங்குவதற்கும் பணம்? ஆசையாக வைத்திருந்த காரை விற்றார்! டோக்கியோ ஒலிம்பிக்கில் இந்தியாவிலிருந்து போன ஒரே ஜூடோ போட்டியாளர் இவர்தான். 2021 ஜூலையில் நடந்த முதல் சுற்றிலேயே ஹங்கேரியின் செர்னோவிஸ்கியிடம் தோற்றார். ‘போதும்’ என்று உட்காரவில்லை. மறு வருடமே பர்மிங்ஹாம் காமன்வெல்த்தில் மீண்டும் வெள்ளி!

முதல் பாடமே விழுவதுதான்

1882-ல் ஜப்பானில் ஜிகோரோ கானோ உருவாக்கிய கலை ஜூடோ. ‘மென்மையான வழி’ என்று அர்த்தம். இதில் எதிரியைத் தூக்கிப் போடுவதற்கு முன்பே, தான் விழுவது எப்படி என்று சொல்லித் தருகிறார்கள். ‘உகெமி’ என்று பெயர். தாடை நெஞ்சோடு ஒட்டியிருக்க வேண்டும். முதுகை வளைத்து, கையால் தரையைத் தட்டியபடி விழ வேண்டும். அடி ஒரே இடத்தில் இறங்காமல் பரவிவிடும். தலை தரையில் மோதாது. பாத்ரூமில் வழுக்குகிறவர்கள் பலரும் கையை ஊன்றித்தான் மணிக்கட்டை உடைத்துக்கொள்கிறார்கள். யோசித்துப் பாருங்கள்!

அம்மாக்கள் கவனிக்க வேண்டியவை

சேர்ப்பதற்கு முன் ஒருநாள் வகுப்பில் போய் உட்காருங்கள். விரிப்பு கெட்டியாக, இடைவெளி இல்லாமல் இருக்கிறதா? விழும் பயிற்சி முடியும் முன்பே தூக்கிப் போட விடுகிறார்களா? விட்டால் வேறு இடம் பாருங்கள். பிடி தாங்க முடியாவிட்டால் தட்டிக் காட்ட வேண்டும், தட்டியதும் எதிராளி விட்டுவிட வேண்டும். இதைப் பிள்ளை நன்றாகத் தெரிந்துகொண்டிருக்க வேண்டும்.

ஜூடோவில் எடைப் பிரிவுகள் உண்டு. அதற்காக வளர்கிற பெண்ணைப் பட்டினி போடவோ, தண்ணீர் குடிக்காமல் எடை குறைக்கவோ கூடாது. வளர்த்தி கூடினால் மேல் பிரிவில் ஆடட்டுமே! கீரை, பயறு, முட்டை, பால் தட்டில் இருக்கட்டும். மாதவிலக்கு தொடர்ந்து தள்ளிப்போனால் டாக்டரைப் பாருங்கள். தலையில் அடிபட்டு மயக்கமோ வாந்தியோ வந்தால் ‘நாளைக்குப் பார்க்கலாம்’ என்று இருக்காதீர்கள். உடனே ஆஸ்பத்திரி. காயம் முழுசாக ஆறாமல் மறுபடி களமிறங்கவும் கூடாது.

பெண்களுக்கான ஜூடோ ஒலிம்பிக்கில் பதக்கப் போட்டியானதே 1992-ல்தான். முப்பதே வருடத்தில், 2022-ல், மணிப்பூரின் இன்னொரு பெண் லிந்தோய் சனம்பம், 57 கிலோ பிரிவில் உலக கேடட் சாம்பியனானார். உலக ஜூடோவில் இந்தியாவின் முதல் தங்கம் அது! வண்டலூர் தாண்டி மேலக்கோட்டையூரில் விளையாட்டுக்கென்றே பல்கலைக்கழகம் வைத்திருக்கிறோம். நம் பக்கத்துப் பெண்ணும் ஒருநாள் அந்த மேடை ஏறலாம்... ‘விழுந்துடுவியேடி’ என்று நாம் தடுக்காமல் இருந்தால்!