82 மதிப்பெண்ணும் தகுதிதான்

ஆசிரியர் தகுதித் தேர்வில் சலுகை மதிப்பெண்ணில் தேறிய பட்டியல் இனத்து ஆசிரியரைப் பார்த்து, "82 வாங்கினவர்தானே" என்று இளக்காரமாகப் பேசுவோர் உண்டு. இந்தப் பேச்சுக்கு உச்ச நீதிமன்றம் 2016-லேயே பதில் சொல்லிவிட்டது.

கல்வி உரிமைச் சட்டத்தின் தொடர்ச்சியாக, 1 முதல் 8 வரையிலான வகுப்புகளின் ஆசிரியர்களுக்குத் தகுதித் தேர்வைக் கட்டாயமாக்கியது தேசிய ஆசிரியர் கல்விக் குழுமம். தேர்ச்சிக்கு 60 சதவீதம் என்ற அதன் 2011-ஆம் ஆண்டு நெறிமுறை, இடஒதுக்கீட்டுப் பிரிவினருக்குச் சலுகை தரலாம் என்றும் கூறியது. ஆந்திரம் பட்டியல் இனத்தவர், பழங்குடியினருக்கு 40 சதவீதம் என வைத்தது. தமிழகமோ அனைவருக்கும் 150-க்கு 90 என்றது. 2012 ஜூலையில் 6 லட்சத்துக்கும் அதிகமானோர் எழுதிய தேர்வில், தேறியவர்கள் 2,500 பேர்கூட இல்லை.

எதிர்ப்பு வலுத்த பின், 2014 பிப்ரவரி 6-இல் அரசாணை 25 வந்தது. பட்டியல் இனத்தவர், பழங்குடியினர், பிற்படுத்தப்பட்டோர், மிகப் பிற்படுத்தப்பட்டோர், மாற்றுத்திறனாளிகள் ஆகியோருக்குத் தேர்ச்சி 55 சதவீதமானது. அதாவது 82 மதிப்பெண். 2013-இல் தேர்வு எழுதியவர்களுக்கும் இது பொருந்தும் என்றதால் வழக்குகள் குவிந்தன. அந்த ஆண்டு செப்டம்பரில் சென்னை உயர் நீதிமன்றம் ஆணையை ஏற்றது. மூன்றே நாளில் மதுரைக் கிளை ரத்து செய்தது.

2016 நவம்பர் 9-இல் உச்ச நீதிமன்ற நீதிபதிகள் சிவகீர்த்தி சிங், ஆர்.பானுமதி அமர்வு ஆணையை உறுதி செய்தது. சலுகை தரும் அதிகாரம் நெறிமுறையில் முதலிலேயே இருந்தது. அதை அரசு தாமதமாகப் பயன்படுத்தியதால் பிறர் உரிமை பறிபோகவில்லை. பின்தங்கியோரைக் கைதூக்கிவிடுவது அரசின் கடமை என்பதே தீர்ப்பின் சாரம்.

சலுகை பெற்றவர்களுக்கு வேலை தானாக வந்துவிடவில்லை. பட்டதாரி ஆசிரியர் பணிக்கு அன்றைய வெயிட்டேஜ் முறையில் தகுதித் தேர்வுக்கு 60, பிளஸ் 2-க்கு 10, பட்டத்துக்கு 15, பி.எட்.டுக்கு 15 மதிப்பெண். 90 எடுத்தவருக்கு இதில் 36 கிடைத்தால், 82 எடுத்தவருக்கு 32.8 தான். மீதி 3.2-ஐப் படிப்பு மதிப்பெண்ணில் ஈடுகட்டினால்தான் அவரை எட்ட முடியும். பல ஆண்டுகளுக்கு முன், மதிப்பெண்களை வாரி வழங்காத காலத்தில் பிளஸ் 2 முடித்த முதல் தலைமுறைப் பட்டதாரிக்கு அதுவும் எளிதல்ல. இந்த முறையையும் உச்ச நீதிமன்றம் ஏற்றது. ஆனால் 2018-இல் அரசே இதைக் கைவிட்டு, தகுதித் தேர்வில் தேறியவர்களுக்குத் தனிப் போட்டித் தேர்வு என்றது.

செங்கம், தண்டராம்பட்டு, சவ்வாது மலைப் பகுதிகளில் இருந்து தேர்வுக்குத் தயாராகும் மாணவர்கள் இந்த வழக்கில் இருந்து எடுத்துக்கொள்ள வேண்டியது ஒன்று உண்டு. தேர்விலும் சான்றிதழ் சரிபார்ப்பிலும் கலந்துகொண்டு, வேலை கிடைக்காது எனத் தெரிந்த பிறகு விதியை எதிர்த்தது மனுதாரர்களுக்கு எதிராகவே போனது. எனவே அறிவிக்கை வந்ததும் கல்வித் தகுதி, கடைசித் தேதி, சாதிச் சான்று குறித்த பத்திகளை வரி விடாமல் படியுங்கள். குறை தெரிந்தால் அப்போதே எழுத்தில் கேளுங்கள்; தேவைப்பட்டால் மாவட்ட நீதிமன்ற வளாகத்தில் உள்ள இலவச சட்ட உதவி மையத்தை நாடுங்கள்.