புற்றுநோய் மருந்து தரும் இமயமலை 'யூ' மரம்... வளர்ப்பது ஏன் இவ்வளவு கடினம்?

மார்பக, சினைப்பைப் புற்றுநோய்களுக்குத் தரப்படும் 'பாக்லிடாக்ஸெல்' மருந்து முதலில் கிடைத்தது, அமெரிக்காவின் பசிபிக் யூ மரப்பட்டையில் இருந்துதான். அதன் உறவான இமயமலை யூ, இமாச்சலப் பிரதேசம், உத்தரகாண்டின் குளிர்ந்த மலைக்காடுகளில் வளர்கிறது.

மருந்துக்காக அளவின்றிப் பட்டை உரிக்கப்பட்டதால், இன்று அது அழியும் ஆபத்தில் இருக்கிறது.

மீண்டும் வளர்க்கலாமே? விதை முளைக்கவே ஒன்றரை முதல் 2 ஆண்டுகள் ஆகலாம். அதனால், கிளைக்குச்சிகளை வெட்டி நட்டு வேர்பிடிக்க வைக்கிறார்கள். இளங்கன்றுக்கு நிழல் தேவை. தண்ணீர் தேங்கினால் வேர் அழுகிவிடும். வளர்ச்சியோ மிக மெதுவு.

ஓர் ஆறுதல்... இலையிலிருந்தும் இந்த மருந்தைத் தயாரிக்கலாம். சுற்றிலும் பட்டையை உரித்தால் மரம் பட்டுப்போகும். இலையை அளவாகப் பறித்தால் மீண்டும் துளிர்க்கும்.

கவனம்: இதன் இலையும் விதையும் கடும் விஷம். கைவைத்தியம் வேண்டவே வேண்டாம்!