நண்டுக் கட்லெட்: குறைந்த நண்டில் நிறைந்த உணவு

உடல் உழைப்பை நம்பி வாழும் குடும்பங்களுக்குப் புரதச் சத்துள்ள உணவு இன்றியமையாதது. அத்தகைய உணவுகளுள் நண்டும் ஒன்று. ஆயினும், அதன் விலையை எண்ணிப் பலர் வாங்கத் தயங்குகின்றனர். ஒரு கிலோ நண்டில் ஓடு நீங்கலாகக் கிடைக்கும் சதை ஏறத்தாழ கால் கிலோதான். அதனைக் குழம்பாக வைத்தால் ஒரு வேளைக்கே போதாது. உருளைக்கிழங்கு சேர்த்துப் பிசைந்து பொரித்தாலோ பன்னிரண்டு கட்லெட்டுகள் கிடைக்கும். மலாய் நண்பர்களின் இல்லங்களில் நாம் உண்டு மகிழும் பெர்கெடிலைப் போன்றதே இதுவும்.

நண்டை வாங்கும்போதே கவனம் தேவை. சந்தை கலையும் நேரத்தில், மடிந்த நண்டுகள் மலிவாக விற்கப்படுவதுண்டு. அம்மலிவைக் கண்டு மயங்கலாகாது. வெட்டிய ரப்பர்ப் பாலை நேரத்தோடு கொண்டு சேர்க்காவிட்டால் அது கட்டிதட்டிக் கெட்டுப்போவதை நாம் அறிவோம். இதற்குக் காரணம் கிருமிகளே. மடிந்த நண்டிலும் அவை வெப்பத்தில் விரைந்து பெருகுகின்றன. அவற்றுள் சில உண்டாக்கும் நஞ்சு, வேகவைத்தாலும் அழிவதில்லை. சில வெள்ளி மிச்சப்படுத்தப்போய், வாந்தி பேதியால் வேலை நாள்களை இழப்பது சிக்கனம் ஆகாது.

சேற்று நண்டாயின் உயிருடன் அசைவதையே வாங்குக. வெண்புள்ளிகள் கொண்ட கடல் நண்டாயின் பனிக்கட்டியில் புதைத்து வைத்ததையே தேர்ந்தெடுக்க வேண்டும். மூக்கைத் துளைக்கும் நெடி வீசினால் வேண்டாம். அளவில் பெரிதாக இருந்தும் கையில் கனமில்லாத நண்டில் சதை குறைவாகவும் நீர் மிகுதியாகவும் இருக்கும்.

தேவையான பொருள்கள்: நண்டு 1 கிலோ, உருளைக்கிழங்கு 300 கிராம், பெரிய வெங்காயம் 1, பச்சை மிளகாய் 2, சிறு துண்டு இஞ்சி, மிளகுத்தூள், சோம்புத்தூள் வகைக்கு அரைத் தேக்கரண்டி, கறிவேப்பிலை, கொத்தமல்லித்தழை, முட்டை 2, பொடித்த கிரீம் கிராக்கர் பிஸ்கட், உப்பு, எண்ணெய்.

செய்முறை: உயிருள்ள நண்டைப் பனிக்கட்டியில் அரை மணி நேரம் வைத்தால் அது அசைவற்றுப்போகும், கொடுக்கால் கடிபடும் அச்சமும் இராது. பின்னர் நன்கு கழுவிப் பதினைந்து நிமிடம் ஆவியில் வேகவைக்க வேண்டும். ஓடு சிவந்தவுடனே இறக்கிவிடலாகாது. சதை முழுவதும் வெண்மையாகி இறுகியிருத்தல் வேண்டும். ஆறியபின் மேலோட்டை நீக்கி, இருபுறமும் விரல்போல் அமைந்துள்ள செவுள்களை எறிந்துவிடுக. சதையைப் பிரித்தெடுத்து, ஓட்டுத் துணுக்குகள் இல்லாதவாறு விரல்களால் தடவிப் பார்ப்பது அவசியம். இது குழந்தைகளின் தொண்டையைக் காக்கும்.

உருளைக்கிழங்கை அவித்து, நீர் வற்றவிட்டு மசித்துக்கொள்க. நறுக்கிய வெங்காயம், மிளகாய், இஞ்சி, கறிவேப்பிலையை வதக்கி, தூள்களையும் உப்பையும் தழையையும் கிழங்கில் கலந்து, ஒரு முட்டையை ஊற்றிப் பிசைக. நண்டுச் சதையை இறுதியில் சேர்த்து மெல்லக் கலந்தால் அது குழையாது. கலவை தளர்ந்திருந்தால் சிறிது பிஸ்கட் தூள் சேர்க்கலாம். வட்டமாகத் தட்டி, அடித்த முட்டையில் தோய்த்து, பிஸ்கட் தூளில் புரட்டி, காய்ந்த எண்ணெயில் பொன்னிறமாகப் பொரித்தெடுக்கலாம். எண்ணெய் சரியாகக் காயாவிட்டால் கட்லெட் எண்ணெயைக் குடித்து உடைந்துவிடும்.

பொரித்ததை இரண்டு மணி நேரத்திற்குள் உண்பதே நலம். மறுநாள் காலை பால் வெட்டச் செல்வோருக்குக் கொடுத்தனுப்ப எண்ணினால், பிசைந்த கலவையைக் குளிர்பெட்டியில் வைத்திருந்து, விடியலில் பொரித்துத் தருக. பசியாறும் நேரத்திலேயே அதனை உண்டுவிட வேண்டும்.

நண்டு சிலருடைய உடலுக்கு ஒவ்வாது. சமைப்பதனால் அவ்வொவ்வாமை நீங்குவதில்லை. ஆகவே, முதன்முறை உண்ணும் பிள்ளைகளுக்குச் சிறிதளவே தந்து பார்த்தல் வேண்டும். தடிப்போ முகவீக்கமோ தோன்றினால் உடனே மருத்துவ உதவி நாடுக. மூச்சுத் திணறல் ஏற்பட்டால் ஒரு கணமும் தாமதிக்காமல் மருத்துவமனைக்குக் கொண்டு செல்க.

நல்ல நண்டை நாடி வாங்குவோம், தூய்மையுடன் சமைப்போம், குடும்பத்தோடு கூடி உண்டு மகிழ்வோம்.