கேமராவின் முன் குனிந்த தலை

மனித வாழ்வில் பொருளும் ஒழுங்கும் காணப்படவில்லை என்னும் உணர்வை, கதைக்கோப்பையும் தர்க்கத்துக்கு உட்பட்ட உரையாடலையும் கைவிட்டு மேடையில் நிகழ்த்தும் நாடகம் அபத்த நாடகம் எனப்படும். அவ்வகையின் தலையாய படைப்பாளியான சாமுவேல் பெக்கெட், நேரடி அரசியல் எழுத்தைப் பெரும்பாலும் தவிர்த்தவராயினும், செக்கோஸ்லோவாக்கியாவின் கம்யூனிஸ்ட் அரசு சிறையிலிட்டிருந்த நாடகாசிரியர் வாட்ஸ்லாவ் ஹாவலுக்குக் காணிக்கையாக 'கேட்டஸ்ட்ரோஃபி' என்னும் குறுநாடகத்தை எழுதினார். 1982 ஜூலையில் பிரான்சின் அவிஞ்ஞோன் விழாவில் அது அரங்கேறியது.

நாடகத்தில் நிகழ்வது ஓர் ஒத்திகை மட்டுமே. மேடைமீது தலைகுனிந்து நிற்கும் ஒருவரை, மென்மயிர்த் தோல் மேலங்கி அணிந்து சுருட்டுப் பிடிக்கும் இயக்குநர் உதவியாளர் வழியே திருத்திக்கொண்டேயிருக்கிறார்: தொப்பியைக் கழற்று, கைகளைச் சேர்த்து வை, தோலை வெளுக்கச் செய். அவர் தலையை நிமிர்த்தினால் என்ன என்று உதவியாளர் கேட்டதும் இயக்குநர் சீறுகிறார். பதிவுசெய்யப்பட்ட கைதட்டல் இறுதியில் ஒலிக்கையில் அம்மனிதர் தாமாகவே தலையை உயர்த்திப் பார்வையாளரை உற்று நோக்க, கைதட்டல் தடுமாறி அடங்கிவிடுகிறது. உயிருள்ள பார்வையாளரோ, தாமும் இப்போது கைதட்டுவதா என்று திகைக்கின்றனர்.

இத்திகைப்பைத் திரைக்குக் கொண்டுவருவது கடினம், ஏனெனில் அங்கே நடிகர் நோக்குவது மனிதரையன்று, லென்ஸை. அதைவிட ஆழமான சிக்கலும் உண்டு. கையைத் தனியாகவும் தலையைத் தனியாகவும் பிரித்துக் காட்டும் அண்மைக்காட்சி, அதாவது உடலின் ஒரு பகுதியால் சட்டகத்தை நிரப்பும் படப்பிடிப்பு முறை, நாடகத்தின் கொடுங்கோலன் செய்வதையே செய்கிறது. பெக்கெட்டின் 19 நாடகங்களைப் படமாக்கிய 'பெக்கெட் ஆன் ஃபிலிம்' திட்டத்திற்காக 2000-இல் இதைக் குறும்படமாக்கிய டேவிட் மாமெட், இயல்புவாத நடிப்பைத் தேர்ந்து, ஹெரால்ட் பின்டரை இயக்குநராக நடிக்கவைத்தார். ஒடுக்குமுறை அன்றாட அலுவலைப்போல நடந்தேறுவதை இது நன்கு உணர்த்துகிறது. ஆயினும் பார்வையாளரைக் குற்றத்தில் பங்காளியாக்கும் மேடையின் வலிமை இதில் குறைந்தே போகிறது. இயக்குநரின் முகத்தை ஒருபோதும் காட்டாமல் குரலை மட்டும் சட்டகத்திற்கு வெளியே நிறுத்தி, கேமராவையே அவருடைய கண்ணாக்கும் சோதனைப்படம், மூலத்திற்கு இன்னும் நெருங்கியதாக அமையக்கூடும். அப்போது நிமிரும் தலை ஆணையிட்ட கண்ணையும் பார்த்துக்கொண்டிருந்த கண்ணையும் ஒருசேரச் சந்திக்கும்.

மாமெட்டின் படத்தில் அந்தத் தலை ஜான் கில்குட்டுடையது. ஆங்கில மேடையில் குரல்வளத்திற்காகவே போற்றப்பட்ட அவர், ஒரு சொல்லும் பேசாத இவ்வேடத்தை ஏற்று நடித்தபின், அதே ஆண்டு மே மாதம் 96-ஆம் வயதில் காலமானார்.