ஐந்தில் மூன்று பங்கு ஆள்!
அகமதாபாத் தறிக்கூடம் சொல்லும் கதை

புதிய எந்திரம் வந்தால் உற்பத்தி தானாகப் பெருகிவிடும் என்பது முதலாளிகளின் பழைய நம்பிக்கை. அகமதாபாத்தில் ஜூபிலி மில்லில் 1952-ம் ஆண்டு அந்த நம்பிக்கை பொய்த்துப் போயிற்று. தானியங்கித் தறிகள் வந்து இறங்கின. யாருக்கு எவ்வளவு வேலை என்று எஞ்சினீயர்கள் கணக்குப் போட்டுக் கொடுத்தார்கள். தறிகள் ஓடவும் செய்தன. ஆனால் துணி எதிர்பார்த்த அளவு வரவில்லை. வந்த துணியிலும் பழுது அதிகம்.

தொழிலாளி சோம்பேறி என்று சொல்லித் தப்பித்துக்கொள்ள அந்த ஊரில் முடியாது. 1918-ல் காந்தியடிகள் முன்னின்று நடத்திய மில் வேலைநிறுத்தம் அங்கேதான் நடந்தது. அப்போது எதிர்த்தரப்பில் இருந்த மில் முதலாளி அம்பாலால் சாராபாய். தொழிலாளர் பக்கம் நின்றவர் அவருடைய சொந்தச் சகோதரி அனசூயா பென். அதன் தொடர்ச்சியாக 1920-ல் பிறந்த 'மஜூர் மகாஜன்' சங்கம் நாட்டிலேயே பலமான தொழிற்சங்கங்களில் ஒன்றாக வளர்ந்தது. ஜூபிலி மில்லும் அதே சாராபாய் குடும்பத்தின் காலிகோ கம்பெனியைச் சேர்ந்ததே. அப்போது அதன் தலைவராக இருந்தவர் அம்பாலாலின் மகன் கௌதம் சாராபாய். விண்வெளி விஞ்ஞானி விக்ரம் சாராபாயின் சகோதரர்.

கௌதம் சாராபாய் லண்டனிலுள்ள டாவிஸ்டாக் நிலையத்தை அணுகினார். அங்கிருந்து 1953-ல் ஏ. கே. ரைஸ் என்ற ஆராய்ச்சியாளர் வந்தார். எந்திரங்களை ஆராய்வது அவர் வேலையல்ல. எந்திரங்களுக்கு நடுவே மனிதர்கள் எப்படி நிறுத்தப்பட்டிருக்கிறார்கள் என்று பார்ப்பதே அவர் வேலை.

29 பேர், 12 வேலை

தானியங்கித் தறி என்றதும் ஆளில்லாமல் ஓடும் என்று எண்ணிவிடக் கூடாது. ஊடை நூல் சுற்றிய பாபின் தீர்ந்தால் தறியே அடுத்த பாபினை மாற்றிக்கொள்ளும், அவ்வளவுதான். அந்தப் பாபின்களை அடுக்கி வைக்க ஓர் ஆள் வேண்டும். பாவு நூல் அறுந்தால் முடிச்சுப் போட்டுத் தறியை மறுபடி ஓட்ட நெசவாளி வேண்டும். ஒரே சமயத்தில் பல இழைகள் அறுந்து சிக்கிக்கொண்டால் அதைச் சீர்செய்யத் தனி ஆள். பாவு தீர்ந்ததும் புதிய பீம் ஏற்ற வேறோர் ஆள். பழுது பார்க்க ஜாபர், அவருக்கு உதவியாள். எண்ணெய் போட ஒருவர், பெருக்க ஒருவர், துணியைச் சுமந்து போக ஒருவர். 224 தறிகள் இருந்த அந்தக் கூடத்தில் ஒரு ஷிப்டில் 29 பேர். அவர்களுக்குள் 12 வகை வேலை.

இதில் தவறு எங்கே? ஒவ்வொரு வேலைக்கும் தனித்தனியாகக் கணக்குப் போட்டதுதான் தவறு. ஒரு நெசவாளிக்கு 24 அல்லது 32 தறிகள். பாபின் அடுக்குபவருக்கு 40 அல்லது 50 தறிகள். சிக்கு எடுப்பவருக்கு அதைவிட அதிகம். தனித்தனியே பார்த்தால் எல்லாம் நியாயமான கணக்குதான். சேர்த்துப் பார்த்தால் வேடிக்கை வெளிப்படும். 24 தறி நெசவாளிக்கு, 40 தறிக்குப் பாபின் அடுக்கும் ஆளில் ஐந்தில் மூன்று பங்குதான் சொந்தம்! மீதி இரண்டு பங்கு பக்கத்து நெசவாளிக்குப் போகும். சிக்கு எடுப்பவரில் அதுவும் கிடைக்காது.

ஐந்தில் மூன்று பங்கு மனிதனோடு எவராவது சிநேகமாக இருக்க முடியுமா? அவசரத்துக்குக் கூப்பிட்டால் அவர் வேறொருவருடைய தறியில் இருப்பார். அவர் வரும்வரை தறி நிற்கும். அல்லது பழுதோடு ஓடும். நெசவாளி கோபப்பட்டால், "உனக்கு மட்டுமா நான் வேலை செய்கிறேன்?" என்று அவர் திருப்பிக் கேட்கலாம். இருவர் பக்கமும் நியாயம் இருக்கிறது. ஒரு துணி கெட்டுப்போனால் அது யாருடைய குற்றம் என்று சொல்ல அங்கே வழியே இல்லை. 29 பேரும் ஒரே கூரையின் கீழ் வேலை செய்தார்கள். ஆனால் அவர்களில் எந்த ஏழெட்டுப் பேரும் சேர்ந்து 'இது எங்கள் தறி' என்று சொல்லிக்கொள்ளும்படி இல்லை.

ஆபீசில் வேலை பார்க்கும் குமாஸ்தாக்களுக்கு இது புதிதல்ல. மூன்று செக்‌ஷனுக்கு ஒரு டைப்பிஸ்ட் என்று உத்தரவு போட்ட காலத்தில் மூன்று செக்‌ஷனும் அந்த டைப்பிஸ்டோடு சண்டை போட்டதை மூத்தவர்கள் பலர் பார்த்திருப்பார்கள். டைப்பிஸ்டுக்குத் திமிர் என்று பேர் வந்ததே தவிர, உத்தரவு தவறு என்று யாரும் சொல்லவில்லை.

ஏழு பேர், 64 தறி

ரைஸ் முன்வைத்த யோசனை சுலபமானது. வேலைவாரியாக ஆட்களைப் பிரிப்பதை விட்டுவிட்டு, ஒரு பகுதித் தறிகளை ஒரு குழுவிடம் மொத்தமாக ஒப்படைத்தால் என்ன? 64 தறிகளுக்கு ஏழு பேர். நெசவு, பாபின், பீம் ஏற்றுவது, பழுது பார்ப்பது எல்லாம் அந்த ஏழு பேருக்குள்ளேயே.

இது மேலிடத்திலும் மேற்பார்வையாளர்களிடமும் பேசப்பட்டது. செய்தி தறிக்கூடத்துக்குள் போனதுமே நடந்ததுதான் யாரும் எதிர்பாராதது. மேலதிகாரிகள் பட்டியல் போடும்வரை தொழிலாளர்கள் காத்திருக்கவில்லை. யார் யாரோடு சேருவது என்று தங்களுக்குள் பேசி முடித்து, தாங்களே குழு அமைத்துக்கொண்டார்கள். யோசனை லண்டன்காரருடையது, அதைச் சொந்தமாக்கிக்கொண்டவர்கள் அகமதாபாத் தொழிலாளிகள்.

ஆரம்ப நாட்களில் ஏற்ற இறக்கம் இருந்தது. பின்பு நிலைத்தது. தறி ஒரு நிமிடமும் நிற்காமல் ஓடினால் 100 என்று கொண்டால், முன்பு சுமார் 80 ஆக இருந்த தறிகளின் திறன் சுமார் 95-ஐத் தொட்டது. பழுதுபட்ட துணி நூற்றுக்குச் சுமார் 32-லிருந்து 20 ஆகக் குறைந்தது. தறி அதேதான், நூல் அதேதான், தொழிலாளிகளும் அவர்களேதான்.

இந்த மாற்றத்துக்கு நட்புதான் காரணம் என்று சொல்லிவிடுவது எளிது. அது பாதி உண்மை. நட்பு முளைப்பதற்கு இடம் இருந்தது என்பதே சரி. பாபின் அடுக்குபவர் கைவேலை முடிந்ததும் நெசவாளிக்கு உதவலாம். ஏனென்றால் அது அவருடைய தறியும்கூட. யாருக்கு முதலில் உதவுவது என்ற சச்சரவு இல்லை. குழுவுக்குள் ஏற்றத்தாழ்வு மிகவும் அதிகமாக இருக்கக் கூடாது என்றும் ரைஸ் வலியுறுத்தினார். அதைவிட முக்கியமாக அவர் இன்னொன்றும் சொன்னார்: குழுவில் ஒத்துப்போகாதவர், அதே போன்ற வேறு குழுவுக்கு மாறிக்கொள்ள வழி இருக்க வேண்டும். சேர்ந்திருப்பதைக் கட்டாயமாக்கினால் அது சிறை. 'நாமெல்லாம் ஒரே குடும்பம்' என்று மேடையில் பேசும் கம்பெனி அதிகாரிகள் இந்தப் பகுதியை மட்டும் வசதியாக மறந்துவிடுவார்கள்.

இங்கிலாந்தின் நிலக்கரிச் சுரங்கங்களிலும் இதே பாடம் கிடைத்திருந்தது. சிறு சிறு கோஷ்டிகளாக, ஒருவரையொருவர் தேர்ந்துகொண்டு நிலக்கரி வெட்டியவர்களை, எந்திரம் வந்ததும் ஷிப்டுக்கு ஒரு வேலை என்று நீளவாக்கில் பிரித்துவிட்டார்கள். முந்தைய ஷிப்ட் அரைகுறையாக விட்டதைப் பிந்தைய ஷிப்ட் சுமந்தது. ஷிப்டுக்கு ஷிப்ட் பகை வளர்ந்தது, லீவு போடுவதும் கூடியது. டாவிஸ்டாக் நிலையத்தின் எரிக் டிரிஸ்டும், முன்னாள் சுரங்கத் தொழிலாளியான கென் பாம்ஃபோர்த்தும் 1951-ல் இதைக் கட்டுரையாக எழுதினார்கள். ரைஸ் வெறுங்கையோடு அகமதாபாத் வரவில்லை.

பதினேழு ஆண்டுக்குப் பின்

ரைஸின் புத்தகம் 1958-ல் வந்தது. உலகம் முழுவதும் நிர்வாகப் பள்ளிகளில் அகமதாபாத் சோதனை பாடமாயிற்று. ஆனால் கதை அத்தோடு முடியவில்லை.

1970-ல் ரைஸின் சகாவான எரிக் மில்லர் அந்தத் தறிக்கூடங்களுக்கு மறுபடி போய்ப் பார்த்தார். அதற்கு முந்தைய ஆண்டே ரைஸ் காலமாகிவிட்டார். ஓரிடத்தில் குழு முறை ஏறக்குறைய அப்படியே இருந்தது, வேலைத்தரமும் இறங்கவில்லை. மற்ற இடங்களில் அது கொஞ்சமாகவோ முழுவதுமாகவோ தேய்ந்து பழைய முறைக்கே திரும்பியிருந்தது. சங்கம் அதே சங்கம், கம்பெனி அதே கம்பெனி. பிறகு ஏன் இந்த வேறுபாடு?

மில்லர் குழுவுக்குள் மட்டும் காரணம் தேடவில்லை. குழுவைச் சுற்றி என்ன நடந்தது என்று பார்த்தார். குழுவின் எல்லை காக்கப்பட்டால் குழு நிற்கும். வெளியிலிருந்து நெருக்கடி வரும்போது மேற்பார்வையாளர் பதறிப்போய் உள்ளே நுழைந்து, 'நீ இதைச் செய், நீ அங்கே போ' என்று தனித்தனியாக ஏவத் தொடங்கினால், ஏழு பேர் மறுபடியும் ஏழு தனி ஆட்களாகிவிடுவார்கள். அதற்கு யாரும் உத்தரவு போட வேண்டியதில்லை.

காலிகோ மில் இன்று இல்லை. அந்தக் குடும்பம் 1949-ல் தொடங்கிய ஜவுளி அருங்காட்சியகம் மட்டும் அகமதாபாத் ஷாஹிபாக்கில் இருக்கிறது. நூற்றாண்டுகள் பழைமையான துணிகளைக் காண ஊர் ஊராக மக்கள் வருகிறார்கள்.